27 பையன்கள், எட்டு மேட்ச்: சின்னப் பாடசாலையின் முதல் றக்பி சீசனை எப்படி ஓட்டுவது?

பொறுப்பாசிரியர்_ஹட்டன்:

வணக்கம். ஹட்டன் பக்கம் ஒரு சின்னத் தமிழ்மொழிப் பாடசாலையில் றக்பிக்குப் பொறுப்பாசிரியராக இருக்கிறேன். எங்கள் பையன்கள் இதுவரை செவன்ஸ் எனும் ஏழு பேர் ஆட்டம் மட்டுமே ஆடியவர்கள். இந்த வருடம் முதன்முறையாகப் பதினைந்து பேர் ஆட்டத்துக்கு, 19 வயதுக்குட்பட்ட கீழ்ப்பிரிவுச் சுற்றில் பெயர் கொடுத்திருக்கிறோம். எட்டு மேட்ச். நாலு எங்கள் மைதானத்தில், இரண்டு கண்டியில், இரண்டு கொழும்பில்.

அணியில் 27 பேர். பாதிப் பேர் தோட்டங்களில் இருந்து வருகிறவர்கள், கடைசி பஸ் ஐந்து மணிக்கு. அதனால் பயிற்சிக்குக் கிடைப்பது செவ்வாய், புதன், வியாழன் மட்டும், பின்னேரம் 2.30 முதல் 4.15 வரை. மைதானம் களிமண். ஒரு பக்கம் மேடு. மழை பெய்தால் மேட்டுப் பக்கம் 22 மீற்றர் கோட்டருகே தண்ணீர் தேங்கிவிடும். ஸ்கிரம் (இரு அணியிலும் எட்டு எட்டுப் பேர் குனிந்து கோர்த்துப் பந்துக்காகத் தள்ளுவது) பழகுகிற மெஷின் கிடையாது. பந்து ஆறு. பூட்ஸ் எல்லோருக்கும் இல்லை.

பையன்கள் நன்றாக ஓடுவார்கள், பாஸ் பண்ணுவார்கள். ஸ்கிரமில் முன்னால் நிற்கும் மூவரான முன்வரிசையைப் பற்றித்தான் பயம். இன்னொரு விஷயம்: போனில் அமெரிக்கக் கால்பந்து வீடியோ பார்த்துவிட்டு, அதே மாதிரி தலையைக் குனிந்துகொண்டு மோதப் பார்க்கிறார்கள். அங்குள்ள ஒரு சின்னக் கல்லூரி அணியின் பயிற்சி அட்டவணையையும் இறக்கிக் கொண்டுவந்திருக்கிறார்கள். அதில் நாம் எடுத்துக்கொள்ள ஏதாவது இருக்கிறதா?

எட்டாவது மேட்ச் வரை 15 பேரை முழுசாக நிறுத்த முதலில் எதைச் செய்யவேண்டும்?

பதுளைக்_கோச்:

சேர், 27 பேர் என்று எண்ணாதீங்க. முன்வரிசைக்கு எத்தனை பேர் என்று எண்ணுங்க. சின்ன அணியின் சீசன் ஓரத்தில் ஓடுகிற விங்கில் முறியாது, முன்வரிசையின் இரு முனையில் நிற்கிற ப்ரொப்பில்தான் முறியும். உலக றக்பி அமைப்பின் 19 வயதுக்குட்பட்டோர் விதிப்படி 22 பேரைப் பெயரிட்டால், அதில் ஆறு பேர் முன்வரிசையில் ஆடத் தெரிந்தவர்களாக இருக்கவேணும். அவர்களுக்குப் பின்னால் இரண்டாம் வரிசையில் தள்ளுகிற லொக்குக்கு மூன்று பேர். அதாவது 22இல் ஒன்பது பேர் முதல் இரண்டு வரிசைக்காரர். உங்கள் சுற்றின் விதிக்கோவையில் எண்ணிக்கை வேறாக இருக்கலாம். மேலாளர் கூட்டத்திலேயே கேட்டு எழுத்தில் வாங்கிவிடுங்க. முன்வரிசைக்கு ஆள் தீர்ந்துவிட்டால் நடுவர் தள்ளு இல்லாத ஸ்கிரமுக்குப் போவார். சில சுற்றுகளில் அதற்குக் காரணமான அணி ஓர் ஆள் குறைந்து ஆடவேண்டி வரும்.

எடையைப் பார்த்து ப்ரொப் பிடிக்காதீங்க. நம்ம பக்கத்தில் 90 கிலோ பையன் தேடினால் சீசன் முடிந்துவிடும். தொடை உறுதியாக, கழுத்து குட்டையாக உள்ளவனைப் பாருங்க. கையையும் கால்விரலையும் ஊன்றி, முழங்கால் தரையிலிருந்து ஒரு சாண் எழும்பின நிலையில் அவனை நிறுத்தி, முதுகில் ஒரு தண்ணீர்ப் போத்தலைப் படுக்க வையுங்க. அது விழாமல் 10 மீற்றர் முன்னால் போகிறவன் முன்வரிசைக்கு ஆகும். போத்தல் தலைப் பக்கம் விழுந்தால் இடுப்பு உயர்கிறது, பக்கவாட்டில் விழுந்தால் இடுப்பைப் பிடித்து நிறுத்தும் வயிற்றுத் தசையில் பலம் இல்லை. இரண்டாவது சொன்னது பயிற்சியில் சரிவரும். முதலாவது பழக்கம், மாற்றக் கொஞ்சம் காலம் எடுக்கும். ஹூக்கருக்கு (முன்வரிசையின் நடு ஆள், வெளியே போன பந்தை உள்ளே எறிகிறவனும் அவன்தான்) ஸ்கிரமின் ஓரத்தில் நிற்கிற ஒரு ஃபிளேங்கரையோ, பின்னால் நடுவில் ஓடுகிற கட்டையான சென்டரையோ எடுங்க. எறியத் தெரிந்தவனாக இருந்தால் பாதி வேலை முடிந்தது.

முதல் இரண்டு வாரம் யாரும் யாரோடும் தலை கோர்க்கவேண்டாம். கழுத்து வேலை மட்டும்: ஜோடியாக நின்று, நெற்றி, பிடரி, இரண்டு பக்கம் என்று நாலு திசையிலும் மற்றவனின் கை தள்ள, இவன் தலையை அசைக்காமல் பத்து எண்ணும்வரை பிடிப்பது. ஒவ்வொரு திசைக்கும் மூன்று தடவை. இதைப் பின்வரிசைப் பையன்களும் செய்யட்டும், டக்கிளுக்கும் (பந்தோடு ஓடுகிறவனைப் பிடித்து விழுத்துவது) உதவும். மூன்றாம் வாரம் ஒன்றுக்கு ஒன்று, முதலில் முழங்காலில், பிறகு நின்று. நாலாம் வாரம் மூன்றுக்கு மூன்று, அடுத்து ஐந்துக்கு ஐந்து, ஆறாம் வாரம்தான் எட்டுக்கு எட்டு. ஒரு படி சரிவராமல் அடுத்த படிக்குப் போகவேண்டாம். மெஷின் இல்லை என்று கவலைப்படாதீங்க. மெஷினில் பழகினவன் அசையாத இரும்பில் சாயப் பழகுவான், ஆள் மேல் சாயும்போது விழுந்துவிடுவான்.

ஸ்கிரம் சரியும் காரணம் மூன்றே மூன்று. நாடி நெஞ்சில் பட்டால் முதுகு வளையும், வளைந்த முதுகு தாங்காது. 'புருவத்துக்குக் கீழாலே எதிரியைப் பார்' என்று சொல்லிக்கொடுங்க. தோள் இடுப்பைவிடக் கீழே போனால் மூக்கால் விழுவான். கால் ரொம்பப் பின்னுக்குப் போனால் களிமண்ணில் வழுக்கும். முழங்கால் இடுப்புக்கு நேர் கீழே இருக்கட்டும், தள்ளு தொடங்கினபிறகு நீளட்டும். பைண்ட் பண்ணும்போது, அதாவது பிடித்துக் கோர்க்கும்போது, எதிரியின் கையைப் பிடிக்கவே கூடாது. லூஸ்ஹெட்டின், அதாவது இடது ப்ரொப்பின், இடது கை எதிரியின் வலது கைக்கு உள்ளே போய் முதுகிலோ விலாவிலோ ஜேர்சியைப் பிடிக்கவேணும். டைட்ஹெட்டின், அதாவது வலது ப்ரொப்பின், வலது கை வெளியால்.

19 வயதுக்குட்பட்டோர் ஆட்டத்தில் ஒன்றரை மீற்றருக்கு மேல் தள்ளக்கூடாது. இது ஸ்கிரமில் நிற்கிற எட்டுப் பேர் மெல்லியவர்களாக இருக்கிற அணிக்குப் பெரிய பாதுகாப்பு. உங்கள் பந்தென்றால் முதல் சனலில் எடுங்க: ஹூக்கர் தட்டின பந்து இடது லொக்குக்கும் இடது ஃபிளேங்கருக்கும் நடுவால் வெளியே வந்துவிடும். மூன்று வினாடியில், ஸ்கிரமுக்குப் பின்னால் பந்தை எடுக்கிற ஸ்கிரம் ஹாஃபின் கையில் பந்து. செவன்ஸ் பையன்களுக்கு அதற்கு மேல் என்ன வேணும்?

தோட்டத்துக்_கான்:

சேர், மைதானத்தைப் பற்றி நான் சொல்றேன். தண்ணீர் தேங்குவது மைதானத்தின் பிழை இல்லை, மேட்டிலிருந்து வருகிற தண்ணீருக்கு வழி இல்லாததுதான். தேயிலை மலையில் கான், அதாவது வடிகால், வெட்டுகிற மாதிரி, மேட்டு அடிவாரத்தில் ஒரு கான் வெட்டுங்க. டச் லைனிலிருந்து (பக்கக் கோடு) ஐந்து மீற்றருக்கு வெளியே இருக்கட்டும், ஓடி வருகிற பையன் அதில் காலை விடக்கூடாது. ஆழம் ஒன்றரை அடி, ஒரு பக்கமாகச் சரிவு. வெட்டின மண்ணை மைதானப் பக்கம் போடாதீங்க, மழையில் கரைந்து திரும்ப வந்து கானை மூடும். இரண்டு பேர் இரண்டு நாளில் முடிக்கிற வேலை.

பள்ளமான இடத்தில் ஒரே நாளில் மண்ணைக் கொட்டி மூடவேண்டாம், புல் செத்துச் சேறுதான் மிஞ்சும். ஆற்று மணலை அரை அங்குலம் தூவி, புல் மேலே வந்த பிறகு இன்னும் அரை அங்குலம். சீசனுக்கு இரண்டு மாதம் இருந்தால் பள்ளம் தெரியாமல் போகும். புல்லை ஒன்றரை, இரண்டு அங்குலத்தில் நிறுத்துங்க. கிரிக்கெட்டுக்கு வெட்டுகிற மாதிரி ஒட்ட வெட்டினால் முதல் மழைக்கே வேர் பெயரும்.

பயிற்சிக்கு முன்னால் 22 மீற்றர் கோட்டருகே குதிக்காலால் அழுத்திப் பாருங்க. குழியில் தண்ணீர் ஊறினால் அன்றைக்கு ஸ்கிரம் இல்லை. மற்றப் பக்கத்தில் பாஸ் மட்டும். ஒரு மணி நேரப் பிடிவாதம் மூன்று வாரம் மைதானத்தைக் கெடுக்கும்.

கோடு போட சுண்ணாம்பு பாவிக்கவே வேண்டாம். ஈரத்தில் தோலைச் சுடும், கண்ணில் பட்டால் ஆஸ்பத்திரிதான். தோட்டத்து ஸ்டோரில் டொலமைட் இருக்கும், கவ்வாத்துக்குப் பிறகு மலைக்குப் போடுவதுதான், துரையிடம் கேட்டால் இரண்டு மூட்டை கிடைக்கும். தோலுக்கு ஒன்றும் செய்யாது, ஆனால் மழையில் ஓடிவிடும், வெள்ளையும் கொஞ்சம் மங்கல். அதைப் பயிற்சிக்கு வையுங்க. மேட்ச் நாளுக்கு வெள்ளை இமல்ஷன் பெயின்டில் தண்ணீர் கலந்து ரோலரால் போடுங்க. முதல் நாள் காலையில் போட்டால் காய்ந்து பிடித்துக்கொள்ளும்.

கம்பங்களுக்கு நடுவே 5.6 மீற்றர், குறுக்குக் கம்பி தரையிலிருந்து 3 மீற்றர். இரும்புக் கம்பம் என்றால் சுற்றிப் பஞ்சு கட்டாமல் யாரையும் இறக்காதீங்க. அடர்த்தியான ஃபோம், நாலு அங்குலத் தடிப்பு, ஆள் உயரத்துக்கு, மேலே ரெக்சின். தும்பு மெத்தை வேண்டாம், மழையில் நனைந்து கல்லாகிவிடும். கட்டின பிறகு கோல் லைனிலிருந்து 30 சென்ரிமீற்றருக்கு மேல் துருத்தக்கூடாது.

இன்னொன்று. மேட்ச் அட்டவணை போடும்போது வீட்டு மேட்சை மார்ச், ஏப்ரலிலேயே கேளுங்க. மே பிறந்தால் தென்மேல் பருவமழை, ஹட்டன், வட்டவளை, கினிகத்தேனைப் பக்கம் மைதானம் காயவே காயாது. மார்ச், ஏப்ரலில் பின்னேரம் இடி மழை, அதனால் காலை பத்து மணிக்குத் தொடங்குங்க. மின்னலுக்கும் இடிக்கும் நடுவே முப்பது எண்ணி முடியவில்லை என்றால் எல்லோரும் கட்டடத்துக்குள். கடைசி இடி கேட்டு அரை மணி கழித்துத்தான் திரும்ப இறங்கவேணும். தரவளையிலும் ரதல்லையிலும் துரைமார் காலத்துக் கிளப் மைதானங்கள் இருக்கு. சொந்த மைதானம் காலை வாரினால் கேட்க இப்போதே அதிபரின் கடிதம் ஒன்றைக் கொடுத்து வையுங்க.

விசில்_நாவலப்பிட்டி:

அமெரிக்கக் கால்பந்து வீடியோ பற்றிக் கேட்டிருந்தீர்கள். அந்த விளையாட்டின் மேல் எனக்கு மதிப்பு உண்டு, ஆனால் அதன் டக்கிளை ஹெல்மெட் இல்லாத பையன் செய்யக்கூடாது. அங்கே தலைக்கவசமும் தோள்கவசமும் இருப்பதால் உடம்பு பயப்படாமல் முன்னால் போகிறது. றக்பியில் அதே வேகத்தில் தலையைக் குனிந்து போனால் உச்சந்தலை எதிரியின் இடுப்பெலும்பில் மோதும். கழுத்து முறிவது அப்படித்தான். கையைச் சுற்றாமல் தோளால் மட்டும் இடித்தால் பெனல்டி. தலையில் பட்டால் அட்டை. பந்து இல்லாதவனை மறித்துத் தள்ளுவது அங்கே அன்றாட வேலை, இங்கே அதுவும் பெனல்டி.

பையன்களிடம் இதைச் சொல்லுங்கள், ஆர்வமாகக் கேட்பார்கள்: அமெரிக்காவின் சியாட்டில் சீஹாக்ஸ் அணியே 2014இல் றக்பியைப் பார்த்துத் தோளால் டக்கிள் பண்ணும் முறையை எடுத்து, அதற்கென்று பயிற்சி வீடியோ வெளியிட்டது. இரண்டு பேர் நேருக்கு நேர் மோதும் 'ஒக்லஹோமா' பயிற்சியை அவர்களின் தொழில்முறை லீக் 2019இல் தடை செய்துவிட்டது. அங்கிருந்து எடுப்பதென்றால் இதை எடுக்கட்டும்.

அந்தக் கல்லூரி அட்டவணையை ஓரமாக வையுங்கள். அங்கே களத்தில் 11 பேர், தாக்க ஓர் அணி, தடுக்க ஓர் அணி, உதைக்கத் தனி ஆட்கள். எத்தனை தடவை வேண்டுமானாலும் மாற்றலாம். ஒருவன் சில வினாடி முழுப்பலத்தில் மோதிவிட்டு நிற்பான். அவனுக்காக எழுதிய அட்டவணை அது. உங்கள் பையன் பாதிக்கு 35 நிமிடம் என்று 70 நிமிடமும் தாக்கவும் வேண்டும், தடுக்கவும் வேண்டும்.

டக்கிளைக் கட்டம் கட்டமாகச் சொல்லிக்கொடுங்கள். இருவரும் முழங்காலில், பிறகு தடுப்பவன் முழங்காலில், மற்றவன் நடையில், பிறகு இருவரும் நடையில், கடைசியில்தான் ஓட்டம். ஒவ்வொன்றிலும் பார்க்கவேண்டியது தலை எங்கே இருக்கிறது என்பதைத்தான். ஓடுகிறவனின் பின்பக்கத்தில் தடுப்பவனின் கன்னம் ஒட்டவேண்டும். தலை முன்பக்கம் போனால் விசில் ஊதி நிறுத்துங்கள், டக்கிள் விழுந்ததா என்பது இரண்டாம் பட்சம். தோளுக்குப் பக்கமான கால் எதிரியின் காலடிக்கு அருகே ஊன்றவேண்டும். தூரத்திலிருந்து பாய்ந்தால் கை மட்டும் போகும், தலை தொங்கும், முழங்கால் வந்து நெற்றியில் படும். உயரம் தோள்பட்டைக் கோட்டுக்கு மேல் போகவே கூடாது; பல நாடுகளில் கழக, பாடசாலை மட்டத்தில் மார்பெலும்புக்குக் கீழே என்று இறக்கியிருக்கிறார்கள். இடுப்பைக் குறிவைத்துப் பழகியவனுக்கு எந்த விதி வந்தாலும் பயமில்லை.

சின்ன அணிக்கு மஞ்சள் அட்டை பெரிய அடி. பத்து நிமிடம் 14 பேர். அதை அநேகமாக வாங்கித் தருவது, தரையில் கிடக்கும் பந்துக்காக இரு அணியும் நின்று தள்ளுகிற ரக்தான்: பக்கவாட்டால் நுழைவது, கையை ஊன்றி நிற்பது, டக்கிள் பண்ணிவிட்டு உருண்டு போகாமல் கிடப்பது. செவன்ஸிலிருந்து வருகிறவர்களுக்கு மூன்றாவதுதான் அதிகம், ஏனென்றால் அங்கே ரக்குக்கு ஆள் வருவது குறைவு. உதவிக்கு ஆள் வராத ரக்கில் பந்தை விட்டுவிட்டு எழும்பிக் கோட்டில் நிற்கச் சொல்லிக்கொடுங்கள். தலைவனைத் தவிர வேறு யாரும் நடுவரிடம் பேசக்கூடாது என்பதையும் முதல் நாளே சொல்லிவிடுங்கள்.

இலங்கையின் முதல் பாடசாலை றக்பி மேட்ச் 1906இல் கிங்ஸ்வூடுக்கும் திரினிட்டிக்கும் நடந்தது, கண்டியில். பாடசாலை றக்பி மலையில் தொடங்கினதுதான். ஹட்டன் பையன்கள் அதில் பதினைந்து பேராக இறங்குவதைப் பார்க்க எனக்கு உண்மையிலேயே சந்தோஷமாக இருக்கிறது.

பொறுப்பாசிரியர்_ஹட்டன்:

எல்லோருக்கும் நன்றி. போத்தல் பரீட்சையை நாளைக்கே வைக்கிறேன். இரண்டு கேள்வி. மூன்று நாள் பயிற்சியை எப்படிப் பிரிப்பது? கொழும்பு மேட்சுக்கு என்ன ஆயத்தம்? ஹட்டன் குளிரில் பழகினவர்கள், அங்கே பகல் வெயிலில் 70 நிமிடம் தாங்குவார்களா என்று பெற்றோர் கேட்கிறார்கள்.

நேர்ஸ்_பண்டாரவளை:

பெற்றோர் கேட்பது நியாயமான கேள்வி. உடம்பு சூட்டுக்குப் பழக ஒரு வாரம் முதல் இரண்டு வாரம் எடுக்கும். முதல் நாள் இரவு போய்த் தங்குவதால் களைப்புக் குறையுமே தவிர, சூடு பழகாது. அதனால் தண்ணீரையும் ஆள் மாற்றத்தையும் வைத்துத்தான் சமாளிக்கவேண்டும்.

முதல் நாளிலிருந்தே குடிக்கவேண்டும். சிறுநீர் வெளிர் மஞ்சளாக இருக்கிறதா என்று பையன்களே பார்க்கட்டும். மேட்சுக்கு இரண்டு மணி நேரம் முன்பு அரை லீற்றர், பிறகு 15, 20 நிமிடத்துக்கு ஒருமுறை ஒரு கோப்பை. ஜீவனி (வயிற்றோட்டத்துக்குக் கொடுக்கும் உப்புச்சீனிக் கரைசல்) பொதி ஒன்றைச் சரியாக ஒரு லீற்றர் தண்ணீரில் கரையுங்கள். ருசிக்காக அரை லீற்றரில் கரைத்தால் வயிறு பிரட்டும், தாகமும் கூடும். கொழும்புப் பாதையின் கித்துல்கல வளைவுகளில் வாந்தி எடுக்கிற பையன்கள் இருப்பார்கள், அவர்கள் மைதானத்துக்கு வரும்போதே தண்ணீர் இழந்திருப்பார்கள். அவர்களை முன் சீட்டில் இருத்துங்கள், எண்ணெய்ச் சாப்பாடு வேண்டாம், அவிசாவளையில் நிறுத்தி ஜீவனி கொடுங்கள். மேட்சுக்கு மூன்று மணி நேரம் முன்பு சோறு, பருப்பு, அவித்த முட்டை போதும். பிறகு வாழைப்பழம்.

வெயிலில் ஒருவன் தள்ளாடினால், பேச்சுக் குழறினால், கோபமாகச் சம்பந்தமில்லாமல் பேசினால் அது களைப்பு இல்லை. உடனே நிழலுக்குக் கொண்டுபோய், ஜேர்சியைக் கழற்றி, உடம்பெல்லாம் தண்ணீர் ஊற்றி விசிறுங்கள். ஐஸ் இருந்தால் அக்குளிலும் தொடை இடுக்கிலும். அதே நேரம் 1990 என்ற இலக்கத்தில் சுவசெரிய அம்புலன்ஸ் சேவையை அழையுங்கள். அம்புலன்ஸ் வரும்வரை குளிர வைப்பதை நிறுத்தக்கூடாது.

தலை அடிக்கு என் வார்த்தையை விதியாகவே எடுத்துக்கொள்ளுங்கள், சேர். சந்தேகம் என்றாலே வெளியே. மயங்கி விழவேண்டும் என்றில்லை. வெறிச்சென்ற பார்வை, எழும்பும்போது தடுமாற்றம், தலையைப் பிடித்துக்கொள்வது, எந்தப் பாதி ஆடுகிறோம், கடைசியாக ட்ரை போட்டுப் புள்ளி எடுத்தது யார் என்ற கேள்விக்குத் தடுமாற்றம், இதில் ஒன்று போதும். அன்றைக்குத் திரும்ப இறக்கக்கூடாது, அவனே கெஞ்சினாலும். அன்று இரவு தனியே விடக்கூடாது. லயன் வீட்டில் பெற்றோர் விடிகாலை வேலைக்குப் போய்விட்டால் யார் பார்ப்பார்கள் என்று கேட்டு உறுதி செய்யுங்கள். கழுத்து வலி, திரும்பத் திரும்ப வாந்தி, கூடிக்கொண்டே போகும் தலைவலி, வலிப்பு, கை கால் மரத்தல் இருந்தால் தாமதிக்காமல் ஆஸ்பத்திரி. கழுத்து வலி சொல்கிறவனை மைதானத்தில் தூக்கவே கூடாது, தலையை அசையாமல் பிடித்தபடி அம்புலன்ஸ் வரும்வரை அங்கேயே. திரும்ப ஆட வருவதற்குக் குறைந்தது 21 நாள். மோதல் பயிற்சிக்கு வருமுன் 14 நாள் எந்த அறிகுறியும் இல்லாமல் இருக்கவேண்டும், வைத்தியரும் சரி என்று சொல்லவேண்டும். 27 பேரில் ஒருவனை மூன்று வாரம் இழப்பது கஷ்டம்தான், ஆனால் இரண்டாவது அடி உயிருக்கே ஆபத்து.

சீசனுக்கு முன்னால் சுகாதார வைத்திய அதிகாரி பணிமனையோடு பேசி இரத்தச்சோகைப் பரிசோதனை ஒன்றைச் செய்துவிடுங்கள். நன்றாக ஓடுகிறவன் இரண்டாம் பாதியில் மட்டும் நிற்கிறான் என்றால் சோம்பல் என்று திட்டும் முன் இரத்தத்தைப் பாருங்கள்.

இரத்தம் குடிக்கிற அட்டைப் பூச்சியைப் பற்றி யாரும் சொல்லவில்லை. அட்டைக் கடி வலிக்காது, ஆனால் இரத்தம் உறையாமல் ஓடிக்கொண்டே இருக்கும். சொக்ஸ் சிவந்தால் நடுவர் இரத்தக் காயம் என்று வெளியே அனுப்புவார், 15 நிமிடத்துக்குள் நிறுத்திக் கட்டிவிட்டு வராவிட்டால் திரும்ப முடியாது. வோர்ம்-அப் முடிந்ததும் எல்லோரும் சொக்ஸை இறக்கிக் கணுக்காலையும் விரலிடுக்கையும் பார்க்கட்டும். கடி இருந்தால் சோப்பால் கழுவி, பஞ்சை மடித்து அழுத்தி, மேலே டேப். வெறும் பிளாஸ்டர் ஈரத்தில் நிற்காது.

பதுளைக்_கோச்:

மிஸ் சொன்னதில் ஒன்றும் கூட்டவோ குறைக்கவோ இல்லை. மூன்று நாளைப் பிரிப்பது: சனி மேட்ச் என்றால் செவ்வாய் மோதலே இல்லை, பாஸ், கிக், ஈரப் பந்து. வாளியில் சோப்புத் தண்ணீர் வைத்துப் பந்தை முக்கி எடுத்துப் பாஸ் பண்ணட்டும். புதன்தான் கனமான நாள்: முன்னணி (ஸ்கிரமில் நிற்கிறவர்கள்) ஸ்கிரமும் லைன் அவுட்டும் (பக்கக் கோட்டைத் தாண்டின பந்தை இரு அணியின் வரிசைக்கும் நடுவே எறிவது), மற்றவர்களான பின்னணி தனியாக, கடைசியில் 15 நிமிடம் முழு மோதல். உலக றக்பி 2021இல் தொழில்முறை வீரர்களுக்கே வாரத்துக்கு 15 நிமிடம்தான் என்று வழிகாட்டியது. அவர்களுக்கு அவ்வளவு என்றால் பையன்களுக்கு அதற்கு மேல் ஏன்? வியாழன் நடை வேகத்தில் அமைப்பு மட்டும், முக்கால் மணியில் வீட்டுக்கு. 27 பேரில் பயிற்சியில் விழுகிறவனும் மேட்சில் விழுகிறவனும் ஒரே கணக்கில்தான் குறைவான்.

லைன் அவுட்டில் ஏழு பேரை நிறுத்தாதீங்க. நாலு பேர் போதும், முன்னாலே நிற்கிறவனுக்குத் தூக்காமலே எறியலாம்.

மஸ்கெலியா_லொக்:

கோச் அண்ணன், கடைசியாகச் சொன்னதில் எனக்கு உடன்பாடு இல்லை. நாலு பேர் லைன் அவுட் சரிதான், ஆனால் ஒவ்வொரு தடவையும் முன்னாலேயே எறிந்தால் இரண்டாவது மேட்சில் எதிரணி அங்கே ஆளை நிறுத்திவிடும். தூக்கவும் பழக்கவேண்டும். உயரமான ஆள் தேவையில்லை, 60 கிலோப் பையன் ஒருவன் நேராகக் குதித்தால் போதும். முன்னால் நின்று தூக்குகிறவன் முழங்காலுக்கு மேல் தொடையைப் பிடிக்கவேண்டும், பின்னால் நிற்கிறவன் காற்சட்டையோடு சேர்த்து, காற்சட்டைக்குக் கீழே பிடிக்கக்கூடாது. இருவரும் கையை முழுசாக நீட்டி முடிக்கவேண்டும். முழங்கை மடிந்திருந்தால் மேலே உள்ளவன் ஆடுவான், விழுவான். இறக்கும்வரை கையை விடக்கூடாது. கை விட்டு அவன் முதுகில் விழுந்தால் லைன் அவுட்டோடு சீசனும் போய்விடும்.

ஹூக்கருக்கு ஒரு பயிற்சி: கோல் கம்பத்திலிருந்து ஐந்து மீற்றர் தள்ளி நின்று, குறுக்குக் கம்பி பொருந்தும் மூட்டைக் குறிவைத்து எறிவது. அது மூன்று மீற்றர் உயரம், தூக்கின பையனின் கை கிட்டத்தட்ட அங்கேதான் இருக்கும். தினமும் பயிற்சிக்கு முன் பத்து நிமிடம். பத்துக்கு ஏழு பட்டால் பத்து மீற்றருக்குப் போகட்டும்.

50:22 விதியையும் பாவிக்கச் சொல்லுங்கள். சொந்தப் பாதிக்குள் இருந்து உதைத்த பந்து தரையில் பட்டு, எதிரியின் 22 மீற்றர் கோட்டுக்குள் பக்கக் கோட்டைத் தாண்டி வெளியே போனால் லைன் அவுட் எறிவது நாம்தான். செவன்ஸில் உதைக்கத் தெரிந்த பையன் இருந்தால் மெல்லிய அணிக்கு இதைவிட நல்ல ஆயுதம் இல்லை.

பதுளைக்_கோச்:

தூக்குவது நல்லதுதான் தம்பி, முதல் இரண்டு மேட்சுக்குப் பிறகு. புதன்கிழமை ஒரு மணி நேரத்துக்குள் ஸ்கிரமையும் தூக்குவதையும் போட்டால் இரண்டும் அரைகுறை. ஸ்கிரம் முதலில் நிற்கட்டும்.

பொறுப்பாசிரியர்_ஹட்டன்:

அப்படியே செய்கிறோம்: முதல் இரண்டு மேட்ச் தூக்காமல், பிறகு மஸ்கெலியாத் தம்பி சொன்ன முறை. கடைசியாகப் பந்தும் பூட்ஸும். ஆறு பந்தை எப்படிப் பாவிப்பது? பூட்ஸ் பத்து ஜோடிதான் வாங்கமுடியும்.

தோட்டத்துக்_கான்:

பத்து ஜோடியையும் முன் ஐந்து ஆட்களுக்கும் (முன்வரிசை மூவர், லொக் இருவர்) அவர்களின் மாற்று ஆட்களுக்கும் கொடுங்க. பின்னணி ஏற்கெனவே உள்ளதில் ஓடட்டும். நம்ம களிமண்ணுக்குச் சின்ன ரப்பர்க் குமிழ் வேண்டாம், இடையிலே மண் அடைத்து வழுக்கும். திருகிப் பூட்டுகிற எட்டு ஸ்டட் உள்ளது எடுங்க, 18 மில்லிமீற்றர். 21க்கு மேல் விதியே விடாது. மேட்சுக்கு முன் பெருவிரலால் ஒவ்வொரு ஸ்டட்டையும் தடவிப் பாருங்க, பிசிர் இருந்தால் அரத்தால் ராவுங்க, நடுவர் எப்படியும் பார்ப்பார். மரையில் கொஞ்சம் கிறீஸ் தடவி வையுங்க, இல்லாவிட்டால் ஜூனில் துருப்பிடித்துக் கழற்றவே முடியாது. நனைந்த பூட்ஸை அடுப்பு மேலே காயவைக்காதீங்க, பசை விட்டுவிடும். உள்ளே பத்திரிகைத் தாளைத் திணித்து, இரவு ஒருமுறை தாளை மாற்றுங்க.

பந்தில் இரண்டை மேட்சுக்கென்று ஒதுக்குங்க, நாலு பயிற்சிக்கு. ஐந்தாம் அளவுப் பந்தின் காற்றழுத்தம் 9.5 முதல் 10 பிஎஸ்ஐ. ஹட்டனில் பத்து அடித்துக் கொழும்புக்குக் கொண்டுபோனால், அங்கே வெயிலில் சூடானாலும் மானி எட்டரை, எட்டேமுக்கால்தான் காட்டும், ஏனென்றால் கடல் மட்டத்தில் வெளிக்காற்றின் அழுத்தம் கூட. பந்து தொளதொளத்து, உதை குட்டையாகப் போகும். கொழும்பில் அடித்த பந்து இங்கே வந்தால் பதினொன்றுக்குப் போய்க் கல்லாகும், கையில் நிற்காது. பம்பும் மானியும் ஊசி இரண்டும் பையிலே இருக்கட்டும், மைதானத்துக்குப் போய் இறங்கி ஒரு மணி நேரம் கழித்து அளந்து அடியுங்க. ஊசியை எச்சில் போட்டுக் குத்தவேண்டாம், ஒரு சொட்டுக் கிளிசரின் போட்டால் வால்வு நாள்பட உழைக்கும்.